என் உடம்பை நீ வரைந்தபோது

ரேணு,

ஞாயிற்றுக்கிழமை நீ குஜராத்துக்கு ரயில் ஏறுகிறாய். ஓவியத்தில் மேல்படிப்பு, இரண்டு வருஷம் என்றாய். பெட்டி கட்டுவது, தைலம் வாங்குவது, ஊறுகாய் பாட்டிலைத் துணியில் சுற்றுவது எல்லாவற்றையும் உன் அம்மா பார்த்துக்கொள்கிறாள். எனக்கென்று யாரும் ஒரு வேலையும் சொல்லவில்லை. அதனால் எழுத உட்கார்ந்திருக்கிறேன். நேரிலேயே பேசலாம்தான். ஆனால் நீயும் நானும் பேச ஆரம்பித்தால் ‘சாப்டியா’, ‘சாப்டேன்ப்பா’ என்பதைத் தாண்டிப் போனது குறைவு. தவிரவும் இப்போதெல்லாம் சேர்ந்தாற்போல் நாலு வார்த்தை பேசினால் கழுத்துத் தோல் இழுத்துக்கொள்கிறது, உடம்பு அசந்துபோகிறது. எழுதுவதென்றால் நடுவில் நிறுத்திவிட்டுப் போய்ப் படுத்துக்கொள்ளலாம். இதையும் அப்படித்தான் விட்டு விட்டு எழுதுகிறேன். முன்னே சொல்ல வேண்டியது பின்னே வந்தால் பொறுத்துக்கொள்.

என் மேல் இரும்பு கொட்டியது உனக்குத் தெரிந்த விஷயம். ஆனால் என் வாயால் நீ கேட்டதில்லை. தளிப் பக்கத்துக் காட்டு வேலையை விட்டு ஓசூருக்கு வந்து, இரும்பு வார்க்கிற பவுண்டரியில் நிலைத்து, மத்திகிரியில் வாடகை வீடு பிடித்து, உன்னைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்திருந்த சமயம். நீ ஒன்றாம் வகுப்பு. நானும் சென்னப்பனும் ஜோடியாக லேடில் பிடிப்போம். உருகிய இரும்பைக் கொண்டுபோய் அச்சில் ஊற்றுகிற பாத்திரம் அது. இரண்டு பக்கமும் நீளக் கைப்பிடி இருக்கும், ஆளுக்கொரு பக்கம். அன்றைக்கு அச்சு மண்ணில் எங்கோ ஈரம் நின்றிருக்கிறது. ஊற்றின மாத்திரத்தில் இரும்பு மேலே சீறி எழுந்தது. சென்னப்பனுக்கு முன்கையில் இரண்டு பொட்டு விழுந்தது. மீதியெல்லாம் எனக்கு. கழுத்து, மார்பு, இடது தோள், மேல்கை. பெங்களூர் ஆஸ்பத்திரியில் தொடைத் தோலை எடுத்து ஒட்டினார்கள். ஒட்டினது பாதி பிடித்தது, பாதி பிடிக்கவில்லை.

கட்டுப் பிரித்திருந்த ஒரு நாள் உன் அம்மா உன்னை வார்டுக்கு அழைத்துவந்தாள். புது கவுன் போட்டிருந்தாய். கட்டில் வரைக்கும் வந்தாய். என்னைப் பார்த்தாய். “இது எங்கப்பா இல்ல” என்று சொல்லிவிட்டுத் திரும்பி ஓடினாய். வராந்தாவில் உன் செருப்புச் சத்தம் தூரமாகப் போவதைப் படுத்தபடியே கேட்டுக்கொண்டிருந்தேன். எழுந்து பின்னால் வர முடியாதே. உன் அம்மா ஓடிவந்து மாடிப்படியோரம் உன்னைப் பிடித்திருக்கிறாள். அன்று சாயங்காலம் அவளிடம், “பாப்பாவ இனிமே இங்க கூட்டிகினு வராத” என்று சொன்னேன். உன் மேல் கோபம் இல்லை. ஆனால் எனக்குள் ஒன்று சுருங்கிப்போய்விட்டது. அதைக் கோபமில்லை என்று சொல்லி மறைக்கவும் முடியாது.

வீட்டுக்கு வந்த பிறகு முழுக்கைச் சட்டை, கழுத்துப் பொத்தான் வரை போட்டது. சித்திரை வெயிலிலும் அதுதான். குளிப்பது தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு, ஈரத்தோடேயே உள்ளே சட்டை மாட்டிக்கொண்டுதான் வெளியே வருவேன். கம்பெனியில் உலைப் பக்கம் போக விடாமல் ஸ்டோர்ஸில் உட்கார வைத்தார்கள். போல்ட்டு நட்டு எடுத்துக் கொடுக்கிற வேலை. அங்கேயே ரிடையர்டும் ஆனேன். அத்தனை வருஷத்தில் நீ என்னைச் சட்டையில்லாமல் பார்த்ததே கிடையாது. நீ கேட்டதில்லை, நான் காட்டியதில்லை. வீட்டில் எல்லோரும் அதற்குப் பழகிவிட்டோம்.

நீ படம் போடுவாய் என்று எங்களுக்குச் சின்னதிலேயே தெரியும். எல்லாப் பிள்ளைகளும் மலையும் சூரியனும் போட்டபோது நீ உன் அம்மாவின் வீங்கின காலைப் போட்டாய். பெங்களூர் ஓவியக் கல்லூரியில் இடம் கிடைத்து, தினமும் அத்திப்பள்ளி வழியாக பஸ்ஸில் போய்வந்த காலத்தில், ஷிப்ட் முடிந்து வாயைத் திறந்துகொண்டு தூங்குகிறவர்கள், கம்பியில் தொங்குகிறவர்கள், கூடையை மடியில் வைத்திருக்கும் பூக்காரி என்று நோட்டு நோட்டாகப் போட்டாய். முதலில் அவர்கள் மனுஷர்கள் மாதிரி இருந்தார்கள். போகப் போக மாறினார்கள். லேத் பட்டறைக்குப் பின்னாலிருந்த ஷெட்டை வாடகைக்குப் பிடித்த பிறகு நீ பிரஷ்ஷைத் தொட்டதே கொஞ்சம்தான். சுவருக்குப் பட்டி பார்க்கிற தகடு, பட்டறையில் எறிந்த ஹேக்ஸா பிளேடு, கந்தல் துணி, வெறும் கை. பெயிண்டை அப்புவாய், சுரண்டுவாய், சுரண்டின இடத்தில் மறுபடி அப்புவாய். கை ஒரு பக்கம் கால் ஒரு பக்கம் பிதுங்கிக்கொண்டு, மூக்கு இருக்கவேண்டிய இடத்தில் ஒரு கோடு. “மனுசத் தோலுல நீலம் எங்கம்மா இருக்குது?” என்று ஒரு நாள் கேட்டேன். “பாத்துகினே இருந்தா தெரியும்ப்பா” என்றாய். நான் அதற்குமேல் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. சோறு கொண்டுவந்த தூக்கை வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

கல்லூரிக் கடைசி வருஷம் அது. சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, தட்டைப் பார்த்துக்கொண்டே கேட்டாய். “அப்பா, உன்னப் போடணும்ப்பா. சட்ட இல்லாம.” உன் அம்மா கையில் குழம்புக் கரண்டியோடு அப்படியே நின்றுவிட்டாள். நான் எழுந்து கை கழுவப் போய்விட்டேன். அதற்கப்புறம் நீ திரும்பக் கேட்கவேயில்லை. கேட்டிருந்தால் மாட்டேன் என்று சொல்லிச் சுலபமாக முடித்திருப்பேன். கேட்காமலேயே இருந்ததுதான் என்னை அரித்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை நானாக ஷெட்டுக்கு வந்து ஸ்டூலில் உட்கார்ந்தேன். பொத்தானைக் கழற்ற எனக்கு அவ்வளவு நேரம் ஆனது உனக்கு ஞாபகம் இருக்கும். நீ உதவிக்கு வரவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பி நின்று, கோடு போடுகிற கரியைச் சீவிக்கொண்டிருந்தாய்.

அப்புறம் திரும்பினாய். இந்தத் தடவை ஓடவில்லை. ஆனால் நீ பார்த்த பார்வை எனக்குப் பிடிக்கவில்லை. மகள் அப்பனைப் பார்க்கிற மாதிரி இல்லை. கொத்தனார் சுவரைப் பார்க்கிற மாதிரி இருந்தது. வெகு நேரம் கோடு போட்டாய், அழித்தாய். பிறகு கிட்டே வந்து, “தொட்டுப் பாக்கட்டுமாப்பா?” என்றாய். அந்த இடத்தை டாக்டர்களையும் உன் அம்மாவையும் தவிர யாரும் தொட்டதில்லை. நான் தலையை ஆட்டினேன். விரலைக் கழுத்திலிருந்து தோள் வரை மெதுவாகக் கொண்டுபோனாய். பாதி இடத்தில் எனக்கு உணர்ச்சியே கிடையாது. உன் விரல் எங்கே இருக்கிறது என்று கண்ணால் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். உணர்ச்சி இருக்கிற இடத்துக்கு வந்தபோது உன் விரல் நடுங்குவது தெரிந்தது. அப்போதுதான் இவள் சுவரைப் பார்க்கவில்லை என்று புரிந்தது. முதுகு வலித்தது, அதைச் சொல்லவில்லை. நீ நிறுத்தும் வரை கல் மாதிரி உட்கார்ந்திருந்தேன். அப்படிப் பல ஞாயிற்றுக்கிழமைகள்.

பெங்களூர் கண்காட்சியில்தான் அதை முழுசாகப் பார்த்தேன். என்னைவிட உயரம். முகத்தில் தகட்டால் ஒரே இழுப்பு. கழுத்தும் மார்பும் எங்கே பிரிகின்றன என்று தெரியாமல் சிவப்பும் சாம்பலும் சீழ் மஞ்சளும் உருகி வழிந்து அப்படியே உறைந்தாற்போல இருந்தது. கைகள் மட்டும் அளவுக்கு மீறிப் பெரிசு. ஷிப்ட் முடிந்து கழற்றிப் போட்ட கையுறை மாதிரி தொடைமேல் கிடந்தன. உன் அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். நான் பக்கத்தில், கழுத்துப் பொத்தான் போட்டுக்கொண்டு நின்றிருந்தேன். அப்போது புருஷனும் பெண்டாட்டியுமாகக் குழந்தையோடு வந்தார்கள். அந்தக் குழந்தை படத்தை ஏறிட்டுப் பார்த்துவிட்டுத் தாயின் புடவைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டது. “அம்மா, பய ஆக்தா இதெ” என்று கன்னடத்தில் அழுதது. பயமாக இருக்கிறதாம். தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள். அந்தச் செருப்புச் சத்தத்தை நான் கேட்டுக்கொண்டே நின்றேன்.

பஸ் பிடித்துத் திரும்பி வந்தோம். வீட்டு வாசலிலேயே சொன்னேன்.

“அத எடுத்துடு பாப்பா.”

“எதுக்குப்பா?”

“எடுத்துடுன்னா எடுத்துடு. நான் இன்னா காட்சிப் பொருளா?”

நீ சண்டை போடுவாய் என்று நினைத்தேன். “சரிப்பா” என்றாய். மறுநாளே எடுத்துக்கொண்டு வந்து ஷெட்டில் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்துவிட்டாய். அதோடு நிஜ மனுஷர்களைப் போடுவதையே விட்டாய். ஓட்டல்களுக்கும் அப்பார்ட்மென்ட்களுக்கும் படம் சப்ளை செய்கிற ஒருவரிடம் வேலைக்குச் சேர்ந்தாய். ஓடுகிற குதிரைகள், தாமரைக் குளம், கண்ணை மூடின புத்தர். எல்லாம் வழுவழுவென்று இருந்தன. வந்து பார்த்தவர்கள் எல்லோரும் இப்போதுதான் உனக்குப் படம் போட வந்திருக்கிறது என்றார்கள். உன் மாமன் தன் வீட்டு ஹாலுக்கு ஒரு குதிரை கேட்டு வாங்கிப் போனான். எனக்கும் முதலில் நிம்மதியாகத்தான் இருந்தது. அப்புறம் உன் நகத்தைக் கவனித்தேன். முன்பெல்லாம் சோறு பிசையும்போது நகக்கண்ணில் பெயிண்ட் அப்பியிருக்கும், உன் அம்மா திட்டுவாள். இப்போது சுத்தமாக இருந்தது. நீ சிரித்துப் பேசினாய், சம்பளம் வந்தால் புடவை எடுத்தாய், வேளைக்குப் படுத்தாய். வீட்டில் ஒரு ஆள் குறைந்தது மாதிரி இருந்தது. அதை யாரிடம் சொல்வது? நானும் ஸ்டோர்ஸில் அப்படித்தான் கழித்தேன். உலை முன்னால் நின்றவனை ஒரு ஸ்டூலில் உட்கார வைத்தால் அவன் நன்றாகத்தான் இருப்பான், வேளைக்குச் சாப்பிடுவான். அது என்ன அசதி என்று எனக்குத் தெரியும். வேலை செய்து வருகிற அசதி தூங்கினால் போய்விடும். இது போகாது.

ஆனி மாதம் ஷெட்டின் கூரை ஒழுகுகிறது என்று நீ சொன்னதால் தார் ஷீட் ஒட்ட வந்தேன். நீ இருப்பாய் என்று நினைக்கவில்லை. அந்தப் படத்தைத் திருப்பி நிறுத்தி, பெரிய பிரஷ்ஷால் வெள்ளை பூசிக்கொண்டிருந்தாய். வெள்ளை இடுப்பிலிருந்து ஏறி மார்பு வரை வந்துவிட்டது. எனக்கு ஆஸ்பத்திரியில் உடம்பெல்லாம் கட்டுப் போட்டிருந்த நாள் ஞாபகம் வந்தது. உள்ளே நான் இருக்கிறேனா என்று எனக்கே சந்தேகமாக இருந்த நாள்.

“இன்னா பண்ற?” என்று கேட்டேன்.

“கேன்வாஸ் வேணும்ப்பா. ஓட்டல்காரங்க பெருசா ஒண்ணு கேக்கறாங்க. இது சும்மாதான கெடக்குது.”

“அதுக்கு என்னையே பூசி மறைக்கறியா?”

நீ பிரஷ்ஷைக் கீழே வைக்கவில்லை. குரலை உயர்த்தவும் இல்லை. “நீதானப்பா காட்டாதன்ன. யாருக்கும் காட்டக்கூடாதுன்னா அது இருந்து இன்னாத்துக்கு?”

உன் குரலில் கொஞ்சம் கோபம் இருந்திருந்தால்கூட நான் பதிலுக்குக் கத்திவிட்டுப் போயிருப்பேன். ஒன்றுமே இல்லை. உனக்கு இருபத்தைந்து வயது நிறையவில்லை, என் வயதுக்காரன் பேசுகிற மாதிரி பேசினாய். தார் ஷீட்டைக் கீழே போட்டேன். சட்டைப் பொத்தானைக் கழற்றினேன்.

“மழ குளுருதுப்பா, போட்டுக்கோ.”

“ஸ்டூல எடுத்துப் போடு.”

“வேணாம்ப்பா. அப்புறம் நீதான் கஷ்டப்படுவ.”

“கஷ்டம்தான். நீ ஸ்டூல போடும்மா.”

வெள்ளை காயக்கூட நீ காத்திருக்கவில்லை. அதன் மேலேயே ஆரம்பித்தாய். கூரை ஒரு மூலையில் சொட்டிக்கொண்டிருந்தது, பெயிண்ட் டப்பா ஒன்றை அதற்கு வைத்தாய். இந்தத் தடவை நீ பேசினாய். என்னைப் பார்த்தபடி, தகட்டை நிறுத்தாமல்.

“ஆஸ்பத்திரியில நான் ஓடிட்டன் இல்ல?”

“நீ கொழந்தம்மா.”

“ஓடுனதால பாதிதான் பாத்தேன். பாக்காத பாதிய மனசு தானா போட்டுக்கிச்சு. அது ரொம்ப பயங்கரமா இருந்துச்சுப்பா. இத்தன வருசமா உன் சட்டைக்குள்ள அதுதான் இருக்குதுன்னு நெனச்சிகினு இருந்தேன்.”

“இப்போ?”

நீ தகட்டைத் துடைத்துவிட்டு வெகு நேரம் பார்த்தாய். “இப்போ சதை. சதைதான்ப்பா.”

இதைக் கேட்டதும் எனக்கு என்ன ஆனதென்று சரியாகச் சொல்லத் தெரியவில்லை. அழவில்லை. முதுகு வலி மட்டும் தாங்க முடியாமல் வந்துவிட்டது. அத்தனை ஞாயிற்றுக்கிழமைகள் சொல்லாத வலியை அன்றைக்குச் சொன்னேன். “கொஞ்சம் எழுந்துக்கட்டா?” என்றேன். “எழுந்துக்கோப்பா, கேக்கணுமா?” என்றாய். தோளில் துண்டை மட்டும் போட்டுக்கொண்டு பட்டறை வாசலில் நின்று டீ குடித்தேன். லேத்தில் இருந்தவன் ஒரு தடவை பார்த்தான். அப்புறம் தன் வேலையைப் பார்த்தான். அவ்வளவுதான். இதற்காகவா இத்தனை வருஷம் என்று தோன்றியது. டீ ஆறிப்போயிருந்தது.

அந்தப் படத்தைத்தான் போன வருஷம் பெங்களூரில் மறுபடி மாட்டினாய். பழைய உடம்பின் சிவப்பு சில இடத்தில் வெள்ளைக்கு அடியிலிருந்து எட்டிப் பார்க்க, அதன்மேல் இளைத்துப்போன இப்போதைய நான். முகத்தை இந்த முறையும் இழுத்துத்தான் விட்டிருந்தாய். நான் மேல் பொத்தான் போடாமல் போயிருந்தேன். வயதான அம்மா ஒருத்தி படத்தைப் பார்த்தாள், என் கழுத்தைப் பார்த்தாள். “நோவித்தா?” என்று கேட்டாள். வலித்ததா என்று அதுவரை யாரும் கேட்டதில்லை ரேணு. என்ன ஆச்சு, எப்படி ஆச்சு, கம்பெனி என்ன கொடுத்தது, இதைத்தான் கேட்பார்கள். “வலிச்சுதும்மா” என்று தமிழிலேயே சொன்னேன். அவளுக்குப் புரிந்தது.

சென்னப்பன் கதைதான் உனக்கே தெரியுமே. என் படத்தைப் பார்த்துவிட்டு, “என்னையும் போடும்மா, எனக்கும் ரெண்டு பொட்டு இருக்குது” என்று கையைச் சுருட்டிக் காட்டினான். தலைக்குச் சாயம் அடித்து, இஸ்திரி போட்ட சட்டையில் வந்து உட்கார்ந்தான். முடித்ததும் எட்டிப் பார்த்துவிட்டு, “இது நானா? மீச எங்கம்மா?” என்று கேட்டானே, அன்றைக்கு நீ சிரித்த சிரிப்பு பட்டறை வரை கேட்டது. அவனுக்குப் பிறகு லேத்காரன், பூக்காரி, பர்கூர் குவாரியில் கால் போன அவள் தம்பி. அந்தப் படங்களைப் பார்த்துத்தான் குஜராத்தில் இடம் கொடுத்தார்கள் என்றாய். உன் மாமன் மட்டும் இன்னமும், “குதிரையே போட்டுகினு இருக்கலாம்” என்கிறான். சொல்லிவிட்டுப் போகட்டும்.

எனக்கு அந்தப் படம் பிடித்திருக்கிறதா என்று போன வாரம் கேட்டாய். நான் பதில் சொல்லாமல் டிவியைப் போட்டேன். இப்போது சொல்கிறேன். பிடிக்கவில்லை. அதன் முன்னால் ரொம்ப நேரம் நிற்க என்னால் முடியாது. ஆனால் யாராவது அதன்மேல் வெள்ளை பூச வந்தால் கையைப் பிடித்துக்கொள்வேன். இந்த இரண்டையும் சேர்த்து என்ன பெயர் சொல்வது என்று எனக்குத் தெரியாது. படித்தவர்கள் உனக்குச் சொல்லித் தருவார்கள். நீ என்னை அழகாக்கிப் போட்டிருந்தால் நான் சந்தோஷமாக ஹாலில் மாட்டியிருப்பேன், நாலு நாளில் அது சுவரோடு சுவராகப் போயிருக்கும்.

உனக்குப் படம் போடச் சொல்லித்தர என்னிடம் ஒன்றும் இல்லை. ஆனால் உட்கார்ந்தவன் என்கிற முறையில் சிலது சொல்லலாம். அங்கே போனதும் உனக்கு முன்னால் பாஷை தெரியாத ஆட்கள் வந்து உட்காருவார்கள். அவர்களுக்கு உன்னைத் தெரியாது, நீ எதைத் தேடுகிறாய் என்றும் தெரியாது. சட்டையைக் கழற்றும்போது ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள், என்னிடம் செய்த மாதிரி. தொடுவதற்கு முன்னால் கேள். முகத்தைத் தகட்டால் இழுக்கப் போகிறாய் என்றால் இழு, ஆனால் அதற்கு முன் அந்த முகத்தை நன்றாகப் பார்த்துவிட்டு இழு. வேலையில் மும்முரமாகிவிட்டால் உனக்கு எதிரில் இருப்பவரின் முதுகு ஞாபகம் வராது. அது உன் குணம், தெரிந்துதான் சொல்கிறேன். வலிக்கிறதென்று அவர்களாகச் சொல்லமாட்டார்கள். நடுநடுவே நீயே நிறுத்து. தண்ணீர் கொடு. வெளியே ஒரு நடை போய்வரச் சொல். திரும்பி வரமாட்டார்களோ என்று பயப்படாதே. சிலர் வரமாட்டார்கள். அவர்களைத் தேடிப் போகாதே, தப்பாகவும் நினைக்காதே. சிலருக்கு ரொம்ப நாள் ஆகும். ஸ்டூலை மட்டும் எடுத்து வைத்துவிடாதே.

கை வலிக்கிறது. உன் அம்மா சாப்பிடக் கூப்பிடுகிறாள், நீயும் வந்துவிட்டாய் போலிருக்கிறது. போய் உட்காருகிறேன்.

அப்பா